டோக்கன் எடுத்தீர்களா, லோகி?

‘லோகி’ தொடரைப் பாருங்கள் என்றால் பலர் கையெடுத்துக் கும்பிட்டுவிடுகிறார்கள். மார்வெல் படங்கள் இருபது முப்பதைக் கரைத்துக் குடித்தவர்களுக்குத்தான் அது புரியும் என்று யாரோ கிளப்பிய புரளியை இன்னும் நம்பினால் எப்படி? தெரிந்திருக்க வேண்டியது ஒரு காபி ஆறுவதற்குள் முடியும். லோகி 2012-இல் நியூயார்க்கைப் பிடிக்க வந்து தோற்றவன். அவனைத் தோற்கடித்த அவெஞ்சர்ஸ் என்ற நாயகர் குழு பிற்காலத்திலிருந்து அதே நாளுக்குத் திரும்பிவந்து தவறவிடும் நீலக் கனசதுரம் அவன் காலடியில் வந்து விழ, எடுத்துக்கொண்டு மறைகிறான். உடனே டைம் வேரியன்ஸ் அதாரிட்டி என்ற அலுவலகம் அவனைப் பிடித்துப்போகிறது. ஒப்புதல் பெற்ற காலவரிசை ஒன்றே ஒன்று. அதிலிருந்து கிளைப்பதையெல்லாம் அவர்கள் கத்தரிப்பார்கள். அடிப்படை முடிந்தது. மீதியை 2021-இல் வந்த முதல் சீசனே சொல்லிக்கொடுத்துவிடும்.

முதல் எபிசோடைச் சண்டைக்காகப் பார்க்காதீர்கள், மேசைகளுக்காகப் பாருங்கள். லோகியின் முன் ஒரு கட்டுக் காகிதம் வருகிறது: இதுவரை அவன் பேசிய அத்தனையும் இதுதான் என்று கையெழுத்துப் போட வேண்டும். எரிச்சலில் ஒரு வார்த்தை சொல்கிறான். பிரிண்டர் இன்னொரு தாளைத் துப்புகிறது, அதிலும் கையெழுத்து. அடுத்த இடத்தில் டோக்கன். டோக்கன் இல்லாமல் வாதாடும் இன்னொரு கைதி நின்ற இடத்திலேயே கத்தரிக்கப்பட, ஆஸ்கார்டின் இளவரசனான லோகி பதறிப்போய்த் தன் துண்டுச் சீட்டைத் தேடுகிறான். குமாஸ்தா கேசியின் டிராயரில் அண்டத்தையே ஆட்டிவைக்கும் இன்ஃபினிட்டி கற்கள் சில்லறைபோலக் கிடக்கின்றன. சிலர் பேப்பர் வெயிட்டாக வைத்துக்கொள்கிறார்களாம். அந்தக் கற்களுக்காகப் படம் படமாக அடித்துக்கொண்டது இதற்குத்தானா என்று லோகிக்கு அங்கேயே விளங்கிவிடுகிறது.

இனிதான் முக்கியமான இடம். இந்த அலுவலகத்தை நீதிமன்றம் என்று எழுதும் விமர்சகர்கள் கண்ணை மூடிக்கொண்டு பார்த்திருக்க வேண்டும். ரவோனா ரென்ஸ்லேயர் என்ற நீதிபதி உண்டு, விசாரணை உண்டு. ஆனால் நடப்பது தீர்ப்பு அல்ல, ஒப்புதல். தீர்ப்பு சொல்பவர் செயலைப் பார்ப்பார்: நல்லதா, கெட்டதா, ஏன் செய்தான்? ஒப்புதல் தருபவர் கோப்பைப் பார்ப்பார்: ஏற்கெனவே எழுதியதோடு ஒத்துப்போகிறதா? லோகி மேல் உள்ள குற்றச்சாட்டு 7-20-89 என்ற எண்ணில் வரும் ‘வரிசை மீறல்’. நியூயார்க்கில் அவன் கொன்றவர்களைப் பற்றி அதில் பேச்சே இல்லை, அந்தக் கொலைகளுக்கு அனுமதி இருந்தது. காலத்தைக் குடைந்து வந்த அவெஞ்சர்ஸை விட்டுவிட்டு என்னை ஏன் பிடித்தீர்கள் என்று கேட்கிறான். அவர்கள் செய்தது நடக்க வேண்டியது, அவ்வளவுதான் பதில். இதைவிடக் கூர்மையான சாட்சி நான்காம் எபிசோடில். சிறுமியாக இருந்தபோதே பிடித்துவரப்பட்ட, லோகியின் இன்னொரு வடிவமான சில்வி, என் வாழ்க்கையைப் பறிக்கும்படி நான் செய்தது என்ன என்று ரவோனாவிடம் கேட்கிறாள். நினைவில்லை என்கிறார் ரவோனா. தீர்ப்பு சொன்னவருக்குக் குற்றம் நினைவிருக்கும். ஃபைலை மூடியவருக்கு எதற்கு?

நம் சித்திரகுப்தனுக்குக் கோட்டு மாட்டியிருக்கிறார்கள், இதில் என்ன புதுமை என்று கேட்பவர்களும் இங்கேதான் சறுக்குகிறார்கள். சித்திரகுப்தன் கணக்கு நடந்தபின் எழுதப்படுவது, பாவ புண்ணியம் பார்ப்பது. இங்கே கணக்கு முதலில், வாழ்க்கை பிறகு. மேலே மூன்று காலக் காவலர்கள் இருக்கிறார்களே, அவர்களிடமாவது ஏதோ நியாயம் இருக்காதா என்றால், அவர்கள் வெறும் இயந்திரப் பொம்மைகள். பொம்மை என்று தெரிந்தபின்னும் இரண்டாம் சீசனில் அந்த அலுவலகத்தின் ஜெனரல் டாக்ஸ் கிளைகளைக் குண்டுவைத்து அழிக்கிறார். ஒப்புதலுக்கு ஒப்புதல் தருபவர்கூடத் தேவைப்படுவதில்லை. இந்த அலுவலகம் 1986-இல் ‘தோர்’ காமிக்ஸின் 372-ஆம் இதழில் பிறந்தபோதே விஷயம் இதுதான். பின்னாளில் அதன் மேலாளர்களை, மார்வெல் கதைகள் ஒன்றோடொன்று முரண்படாமல் காவல் காத்த எடிட்டர் மார்க் க்ரூன்வால்டின் முகச்சாயலிலேயே வரைந்தார்கள். எது கதையில் சேர்த்தி, எது சேராது என்று பார்ப்பதே அவர் வேலை. (1996-இல் இறந்தபின் அவர் விருப்பப்படி அஸ்தியை அச்சு மையில் கலந்து ஒரு காமிக்ஸ் தொகுப்பையே அச்சிட்டார்கள்.)

2023-இல் வந்த இரண்டாம் சீசனில் காலத் தறி என்ற இயந்திரம் வந்து அலுவலகத்தை விழுங்கிவிட்டது என்ற புகாரில் பாதி உண்மை உண்டு. அலுவலகத்தின் இயந்திரங்களைப் பழுதுபார்க்கும் ஓபி தரும் விளக்கங்கள் நீளம்தான். ஆனால் சுமை தாங்காதபோது ஒப்புதல் பெற்ற காலவரிசையை மட்டும் வைத்துக்கொண்டு கிளைகளை அழிப்பதே தறியின் வேலை என்று கடைசியில் தெரிகிறது. அதே முத்திரை, இரும்பில் வார்த்தது. அடுத்து எந்தப் பழைய நடிகர் திடீரென்று தலைகாட்டுவார் என்று காத்திருப்பதையே மல்டிவெர்ஸ் ரசனை என்று ஆக்கிவைத்திருக்கிறார்கள்; அந்தக் கூட்டத்தோடு சேராதீர்கள். உங்களிடம் மட்டும் சொல்கிறேன், கேசியைக் கவனியுங்கள். மீனை அறுப்பதுபோல் அறுத்துவிடுவேன் என்று லோகி முதல் நாளில் மிரட்ட, மீன் என்றால் என்ன என்று கேட்பவர் அவர். ஆயுள் முழுக்க மேசைக்குப் பின்னாலேயே இருந்தவராம். இரண்டாம் சீசனின் ஐந்தாம் எபிசோடில், நினைவை அழித்து அந்த மேசையில் உட்காரவைப்பதற்கு முந்தைய வாழ்க்கையில் அவரைப் பார்க்கிறோம்: 1962, இரவு, அல்கட்ராஸ் சிறையிலிருந்து தப்பி, சுற்றிலும் கடல்.