ஒலிநாடா சொன்ன உண்மை

வெளிநாட்டிலிருந்து வந்த ஒலிநாடாவைக் கூடத்தில் வைத்துக் குடும்பமே சுற்றி அமர்ந்து கேட்ட காலம் ஒன்று இருந்தது. சிங்கப்பூருக்கும் வளைகுடா நாடுகளுக்கும் பிள்ளைகளை அனுப்பிய நம் தஞ்சை மாவட்டத்து வீடுகளுக்கு இது புதிதல்ல. அத்தகைய பதிவுகளைக் கொண்டே ஒரு முழுப்படம் உருவாக்கலாம் என்று காட்டியவர் சந்தியா சூரி. 2005இல் வந்த அந்தப் படத்தின் பெயர் 'ஐ ஃபார் இந்தியா'.

அவருடைய தந்தை யஷ் பால் சூரி ஒரு மருத்துவர். 1965இல் இங்கிலாந்து சென்றவர். சூப்பர் 8 படக்கருவி, படம் காட்டும் கருவி, ஒலிப்பதிவுக் கருவி ஆகியவற்றை இரண்டிரண்டாக வாங்கி, ஒரு தொகுதியை இந்தியாவிலிருந்த குடும்பத்தாருக்கு அனுப்பினார். கடிதத்துக்குப் பதிலாகப் படமும் குரலும் கடல் கடந்தன.

இங்கே ஒரு சிறு கணக்குப் போடுவோம். சூப்பர் 8 சுருளின் நீளம் 50 அடி. அடிக்கு 72 படச்சட்டங்கள். ஆக மொத்தம் 3,600. வினாடிக்கு 18 சட்டங்கள் ஓடினால், 200 வினாடிகளில் சுருள் தீர்ந்துவிடும். மூன்று நிமிடம் இருபது வினாடிதான்! ஆகவே, படமெடுப்பவர் மகிழ்ச்சியான நேரங்களையே பொறுக்கி எடுப்பார். ஒலிநாடாவோ நெடுநேரம் ஓடும். மனம் விட்டுப் பேசலாம். பிரிவின் ஏக்கமும், ஊர் திரும்ப வேண்டுமென்ற தவிப்பும் அதில்தான் பதிந்துள்ளன. சிரிக்கும் காட்சிமீது கலங்கும் குரலை வைத்ததே இப்படத்தின் பெரும் பலம்.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். காட்சியும் குரலும் தனித்தனிக் கருவிகளில் பதிவானவை. திரையில் இணைந்ததும், இரண்டும் ஒரே நாளில் நடந்தவை என்று நம் மனம் நம்பிவிடுகிறது. தேதியில்லாத அளவீட்டை ஆய்வுக்கூடத்தில் நாம் ஏற்போமா? எனவே இப்படத்தை வரலாற்றுச் சான்றாகக் கொள்வதில் எச்சரிக்கை வேண்டும். நினைவின் மாதிரியாகக் கொண்டாலோ, இது மிகப் பொருத்தமானது. நம் மூளையும் பழையவற்றை அப்படியே எடுத்துத் தருவதில்லை. ஒவ்வொரு முறையும் துண்டுகளைச் சேர்த்தே தருகிறது.

படத்தின் பிற்பகுதியில் இன்னொரு மகள் ஆஸ்திரேலியா செல்கிறாள். இப்போது பேச்சு கணினி வழியே, உடனுக்குடன். வசதிதான், ஆனால் பதிவு செய்யாவிட்டால் பேசி முடித்ததும் எதுவும் மிஞ்சாது.

காவிரிக்கும் குடமுருட்டிக்கும் இடைப்பட்ட திருக்காட்டுப்பள்ளி போன்ற ஈரமான ஊர்களில் நாடாக்களுக்கு ஆயுள் குறைவு. இரும்பு ஆக்சைடுத் துகள்களை ஒட்டவைத்துள்ள பசை ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுத்துவிடும், பூஞ்சையும் படரும். உங்கள் வீட்டுப் பரணில் பழைய நாடா இருந்தால் விரைவில் கணினிக்கு மாற்றுங்கள். பேசியவர் யார், எந்த ஆண்டு என்பதைப் பெரியவர்களிடம் கேட்டு எழுதியும் வையுங்கள்.