ஒண்டுக்குடித்தனத்தில் தீட்டும் வதந்தியும்: ‘தண்ணீர்’, ‘எதிர் நீச்சல்’ ஆகியவற்றை முன்வைத்து

ஒரு நாவலில் இடம்பெறும் சகுனம், கண்ணேறு, மடி, தீட்டு ஆகியவற்றைத் தொகுத்து ‘மக்கள் நம்பிக்கைகள்’ என்னும் இயலில் அடுக்குவது நம் ஆய்வேடுகளில் நிலைபெற்றுவிட்ட வழக்கம். ஒண்டுக்குடித்தனம் பற்றிய படைப்புகளுக்கு இம்முறை போதாது. ஒரே நடை, ஒரே கிணறு, ஒரே கழிப்பறை எனப் பல குடும்பங்கள் வாழுமிடத்தில் நம்பிக்கை உள்ளத்து நிலை மட்டுமன்று. எவர் எதை எப்போது தொடலாம் என வரையறுக்கும் எழுதப்படாத ஒப்பந்தமும் ஆகும்.

காஞ்சிபுரத்துப் பிள்ளையார்பாளையம் போன்ற நெசவாளர் தெருக்களிலும் வீடுகள் நெருக்கமானவையே. ஆயின் அங்கே அண்டைவீட்டாரைத் தறி பிணைக்கிறது. சென்னை ‘ஸ்டோர்’ வீட்டில் அத்தகைய தொழிலுறவு இல்லை, வாடகையே பிணைப்பு. அந்நியரிடையே ஒழுங்கை நிறுத்த ஆசாரம் அங்குக் கூடுதலாகத் தேவைப்படுகிறது.

அசோகமித்திரனின் ‘தண்ணீர்’ (1973) பெரும்பாலும் குறியீட்டு நாவலாகவே வாசிக்கப்பட்டுள்ளது. நீரை வாழ்வெனப் பொருள்கொள்ளும் அவ்வாசிப்பில் குடம் மறைந்துவிடுகிறது. ஜமுனா வாழும் தெருவில் குழாய் வறண்டபின் அக்கம்பக்கத்து உறவு குடங்களின் வரிசையாகச் சுருங்குகிறது. தோண்டப்பட்ட தெருவில் குடிநீரோடு சாக்கடை நீர் கலக்கிறது. மடிக்குக் கிணற்று நீரே உகந்ததெனக் குழாய் நீரை விலக்கிய வைதிகக் குடும்பங்கள் இருந்த நகரம் அது என்பதை நினைத்தால், இக்கலப்பு எந்தப் பிரசார உரையினும் கூர்மையானது. எனினும் பஞ்சத்தில் தளர்வது நீரின் தீட்டு மட்டுமே. பாஸ்கர் ராவோடு உள்ள உறவால் ஜமுனாமீது படிந்த தீட்டு தளர்வதில்லை. நாவலின் உண்மையான கடுமை இங்கேதான் உள்ளது.

கே. பாலசந்தரின் ‘எதிர் நீச்சல்’ (1968) வேறு வகை. மேடை நாடகமாக இருந்து திரைப்படமானது இது. மனநலச் சிகிச்சை பெற்றுத் திரும்பிய பாருவின் கடந்தகாலத்தைப் பெற்றோர் மறைக்கின்றனர். நோயைக் குடும்பக் கறையெனக் கருதும் அச்சமே காரணம். குரல்கள் சுவர் தாண்டும் வீட்டில் மறைப்பு எவ்வளவு நாள் நிற்கும்? இருமல் தாத்தாவைப் பார்வையாளர் ஒருமுறையும் காண்பதில்லை; இருமலை மட்டும் கேட்கிறோம். அவ்வீட்டில் அறிதலின் இயல்பும் அதுவே. வதந்தி அங்குச் சான்றாகிறது. கதைமாந்தரை நகைச்சுவை வார்ப்புகளாக்குவதால் படம் அவர்களின் கூட்டுப் பொறுப்பை எளிதில் மன்னித்துவிடுகிறது என்பது குறையே. மாடிப்படியின்கீழ் வசித்து, எல்லா வீட்டுக்கும் ஏவல் செய்து, முறைவைத்து அவர்கள் இடும் சோற்றை உண்ணும் மாதுவோ எந்த அறைக்கும் உரியவனல்லன். பாருவை ஏற்க அவனால் முடிவதற்கு, இழக்க அவனுக்கு அங்கே ஒரு வாசல்கூட இல்லாததும் காரணமாகலாம்.