எடையை வெல்லும் கற்பனைகள்: கேவரைட்டும் மயிற்பொறியும்

இலக்கியத்தில் வரும் கற்பனை அறிவியலைத் தமிழ்த் திறனாய்வு பெரும்பாலும் இரு வகையாகவே எதிர்கொண்டு வந்துள்ளது. வானூர்தி பற்றிய பழம்பாடல்களைத் தொலைந்துபோன தொழில்நுட்பத்தின் சான்றாகக் கொள்வோர் ஒரு சாரார். அவற்றை வெறும் புனைவென ஒதுக்குவோர் மற்றொரு சாரார். இரு சாராரும் எழுப்பும் வினா ஒன்றே: இது மெய்யா, பொய்யா? புவியீர்ப்பை வெல்லும் கற்பனைகளை அளக்க இவ்வினா போதாது. படைப்பாளி தாம் வகுத்த விதிக்குத் தம் கதைக்குள் எவ்வளவு கட்டுப்பட்டார் என்பதே அவற்றுக்கு உரிய வினா.

எச்.ஜி. வெல்ஸ் 1901இல் நூலாக வெளியிட்ட நிலவுப் பயணப் புதினத்தில் கேவரைட் என்னும் பொருளைப் படைத்தார். ஒளியைத் தகடு மறைப்பதுபோல் இப்பொருள் ஈர்ப்பை மறைக்கும். கேவர் செய்த முதல் தகட்டின் மேலிருந்த காற்று எடையிழந்து மேலெழ, சூழ்ந்திருந்த காற்று அவ்விடத்தை நிரப்பப் பாய்கிறது, வீடு சிதைகிறது. பின்னர்க் கோள வடிவக் கலத்தில் கேவரைட் திரைகளைத் திறந்தும் மூடியும் பயணத் திசை மாற்றப்படுகிறது. விதி ஒன்றே, அதன் விளைவுகள் பல. வெல்ஸின் ஆற்றல் இவ்விளைவுகளைத் தொடர்ந்து சென்றதில் உள்ளது.

ஈர்ப்பை ஒழிக்கும் அத்தகைய பொருள் எங்கே உள்ளது என்று ழூல் வெர்ன் குறைகூறினார். 1865இல் வெளிவந்த தம் நாவலில் அவர் பயணிகளைப் பீரங்கியால் நிலவை நோக்கி ஏவியவர். பீரங்கி உண்மைப் பொருள்தான். எனினும் அவ்வேகத்தை ஒரு நொடிக்குள் அடையும் பயணி உயிர் பிழைக்க இயலாது. மேலும், புவியீர்ப்பும் நிலவீர்ப்பும் சமமாகும் இடத்தில் மட்டுமே பயணிகள் எடையிழப்பதாக அவர் தொடர்நாவல் காட்டுகிறது. உந்துவிசையின்றிச் செல்லும் கலத்தில் பயணம் முழுவதும் எடையின்மையே நிலவும். மெய்ப்பொருளைக் கையாண்டவர் விதியில் தவறினார்; பொய்ப்பொருளைப் படைத்தவர் விதியைப் பேணினார்.

ஆயினும் கேவரைட்டிலும் ஒரு குறை உண்டு. அதை உணர இயற்பியல் புலமை தேவையில்லை. பளு தூக்கும் தொழிலறிவே போதும். அபுதாபிக்கு மேற்கே அல் தஃப்ரா பகுதியில், 1980களின் தொடக்கத்திலிருந்து எண்ணெய்ச் சுத்திகரிப்பு நிகழும் ருவைஸ் போன்ற தொழில் நகரங்களில், கிரேன் அசையுமுன் பளுவின் எடையும் அது தொங்கும் தொலைவும் கம்பிவடத்தின் சாய்வும் கணக்கிடப்படும். இருபுறமும் கிடைமட்டத்துக்கு 30 பாகை சாய்ந்த வடங்கள் ஒவ்வொன்றும் முழு எடைக்கு இணையான இழுவையைத் தாங்க வேண்டும். ஒரு டன் பளுவை 10 மீட்டர் உயர்த்தச் சுமார் 98,000 ஜூல் ஆற்றல் செலவாகும். கேவரைட் தகட்டை அடியில் செருகிப் பளுவை விரலால் உயர்த்தி, பின் தகட்டை உருவி விழச் செய்தால், அவ்வளவு ஆற்றலும் விலையின்றிக் கிடைத்துவிடும். ஆற்றல் அழியாமை விதி நிலைக்க வேண்டுமெனில், தகட்டைச் செருகுவதற்கே அவ்வாற்றல் தேவைப்பட வேண்டும். கேவரின் திரைகளோ எளிதாக இயங்குகின்றன.

இந்த அளவுகோலைச் சீவக சிந்தாமணியின் மயிற்பொறிக்கும் பொருத்திப் பார்க்கலாம். கிழி, பயின், நூல், அரக்கு, மெழுகு முதலியன கொண்டு ஏழு நாளில் அப்பொறி செய்யப்பட்டதாகத் திருத்தக்கதேவர் கூறுகிறார். பொறியை வலப்புறம் திருப்பின் எழும். இடப்புறம் திருப்பின் இறங்கும். செய்பொருளும் காலமும் இயக்கமுறையும் சொல்லப்பட்டன. எடையை எது சுமக்கிறது என்பது மட்டும் சொல்லப்படவில்லை. ஆகவே இதனைப் பறத்தல் அறிவியலின் ஆவணமாகக் கொள்ள இயலாது.

ஆனால் காப்பியம் தன் விதிக்கு உண்மையாக நடந்துகொள்கிறது. பொறியை இயக்குவது விசயையின் கை. பகைவனின் வெற்றிமுரசம் கேட்டு அவள் மயங்கியபோது, ஊர்தி தானே அவளைக் காப்பிடத்துக்குக் கொண்டு சேர்ப்பதில்லை, சுடுகாட்டில் இறங்குகிறது. சீவகன் அங்கே பிறக்கிறான். தெய்வ ஊர்தியாயின் அவ்வீழ்ச்சிக்கு இடமில்லை. பொறியாதலால்தான் கை தளர்ந்ததும் அது தாழ்கிறது. அரசும் செல்வமும் பற்றிய கை தளருமளவே நிற்பன என்று துறவில் முடியும் காப்பியத்துக்கு இதனினும் பொருத்தமான தொடக்கம் அரிது.

வெல்ஸின் கற்பனை இயற்பியல் கணக்கில் குறைபட்டும் விளைவுகளால் நிற்கிறது. திருத்தக்கதேவரின் கற்பனை அக்கணக்கைத் தொடாமலே மனித நிலையின் கணக்கைச் சரியாக முடிக்கிறது. மயிற்பொறியை விமானமென்று பெருமை பேசுவோர் அதன் வானேற்றத்தையே காண்கின்றனர். கவிஞரின் கருத்தோ அதன் இறக்கத்தில் உள்ளது. எடையோடு நாள்தோறும் பொருதும் தொழிலாளர் பலரைக் கொண்ட இன்றைய தமிழ் வாசகர் உலகத்துக்குப் பொய்ப்பெருமை தேவையில்லை. உயர்த்தியது எது, அதன் விலை என்ன, கை தளர்ந்தால் என்னாகும் என்னும் மூன்று வினாக்களைத் திறனாய்வு கேட்டால், பழைய நூலும் புதிய அறிவியல் புனைவும் ஒரே தராசில் நிறுக்கப்படும்.