அழிக்கப்பட்டவர்களுக்காக அழுவது யார்? – காலப்போர்ப் புனைவுகள் இரண்டு

காலத்தைக் கைப்பற்ற இரு தரப்பினர் பொருதும் கதை மேனாட்டு அறிவியல் புனைவில் புதிதன்று. அமெரிக்க எழுத்தாளர் ஃப்ரிட்ஸ் லைபரின் ‘தி பிக் டைம்’ 1958இல் ‘கேலக்ஸி’ இதழில் வெளிவந்து அவ்வாண்டே ஹியூகோ விருது பெற்றது. லெபனான் வழிவந்த கனடிய எழுத்தாளர் அமல் எல்-மொஹ்தாரும் அமெரிக்கரான மேக்ஸ் கிளாட்ஸ்டனும் இணைந்தெழுதி 2019இல் வெளிவந்த ‘திஸ் இஸ் ஹவ் யூ லூஸ் த டைம் வார்’ என்னும் குறுநாவலுக்கு 2020இல் அதே விருது கிடைத்தது. பின்னதன் மொழியழகைப் பலரும் வியக்கின்றனர். நானும் வியந்தேன். எனினும் இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தபோது, தலைப்பில் உள்ள வினா என்னை விட்டகலவில்லை.

புதிய குறுநாவலின் போர் ‘ஏஜென்சி’, ‘கார்டன்’ என்னும் இரு வல்லமைகளுக்கு இடையிலானது. முன்னது இயந்திர நாகரிகம். பின்னது உயிர்ப்பொருளால் ஆன ஒரு பேருலகு. தத்தம் இருப்புக்கு இட்டுச்செல்லும் வரலாற்று இழைகளைப் பேணி, மற்றவற்றைக் கத்தரிப்பதே இருவரின் வேலை. ரெட், ப்ளூ என்னும் இரு ஒற்றர்கள் இதற்காகக் காலங்களுக்குள் புகுந்து வெளியேறுகின்றனர். முதலில் ஏளனமாகவும், பின்னர் தயக்கமாகவும், இறுதியில் காதலாகவும் அவர்களிடையே மடல்கள் செல்கின்றன. படித்தபின் அழிந்துவிடவேண்டிய மடல்கள் அவை. ஒன்று கொதிக்கும் நீரின் குமிழிகளில் எழுதப்பட்டிருக்கிறது. இன்னொன்று மரத்தின் ஆண்டு வளையங்களில் எழுத்தாக வளர்ந்திருக்கிறது. மடலிலக்கியத்தை ஒரு தனிக் கலையாகவே வளர்த்த அரபு மொழியைக் கற்பிக்கும் எனக்கு, எழுதுபொருளையே செய்தியின் பகுதியாக்கும் இவ்வுத்தி மிகுந்த மகிழ்ச்சி அளித்தது. இரு ஆசிரியர்கள் ஆளுக்கொரு குரலைப் பகிர்ந்து எழுதியதால் மடல்களில் உண்மையான எதிர்பார்ப்பு துடிக்கிறது.

ஆனால் அம்மடல்கள் கிடக்கும் இடங்களை நோக்குங்கள். முதல் மடல் ரெட்டுக்குக் கிடைப்பதே பிணங்கள் குவிந்த போர்க்களத்தில்தான். அப்பிணங்களுக்குப் பெயரில்லை. ஒற்றர்களின் கண்ணுக்கு மனிதர் வெறும் இழைகள். ஆகவே கதையும் அவ்வாறே காண்கிறது என்று ஆசிரியர்களுக்காக வாதிடலாம். அவ்வாதம் எனக்கு நிறைவளிக்கவில்லை. பாத்திரத்தின் குருட்டுத்தனத்தைக் காட்டுவது வேறு, அதனோடு சேர்ந்து தானும் கண்ணை மூடிக்கொள்வது வேறு. இருவரும் தம் தலைமைகளுக்கு எதிராகத் திரும்புவது ஒருவரையொருவர் காக்கவே. அழிந்த உலகங்களின் பொருட்டு அவர்கள் திரும்புவதாக எனக்குத் தோன்றவில்லை.

காலத்தின் மீதான ஆதிக்கம் கற்பனையில் மட்டும் நிகழ்ந்ததன்று என்பதையும் இங்கே நினைவுகூரலாம். இஸ்லாத்துக்கு முற்பட்ட அரபுகள், போர் விலக்கப்பட்ட மாதங்கள் மூன்று தொடர்ந்து வருவதைப் பொறுக்கமாட்டாமல், முஹர்ரத்தின் புனிதத்தை ஸஃபருக்குத் தள்ளிவைத்தனர். ‘நஸீஉ’ எனப்பட்ட இவ்வழக்கத்தைத் திருக்குர்ஆன் தவ்பா அத்தியாயத்தில் கண்டிக்கிறது. தள்ளிவைத்தலை அறிவிக்கும் உரிமை கினானா குலத்தார் கையில் இருந்தது. அங்கே கால இயந்திரம் எதுவும் இல்லை. ஓர் அறிவிப்பு போதுமானதாக இருந்தது. யாரைக் கொள்ளையிடலாம் என்பதை அதுவே தீர்மானித்தது.

லைபரின் கதை இவ்வளவு அழகானதன்று. உரையாடல் சிலவிடங்களில் நாடக மேடையின் உரத்த குரலில் ஒலிக்கிறது. பெண்பாத்திரங்களை அவர் நடத்தும் விதம் இன்று உறுத்தும். ‘சிலந்திகள்’, ‘பாம்புகள்’ என்னும் இரு தரப்பையும் அவர் காட்டுவதே இல்லை. காலத்துக்கு வெளியிலுள்ள ஒரே கூடத்தில், இளைப்பாற வந்த படையினர் அடைபட்டுக் கிடக்கின்றனர். ரோமானியன் ஒருவன், கிரேத்தத் தீவுப் போராளிப் பெண் ஒருத்தி, நாஜி அதிகாரி ஒருவன், முதல் உலகப்போரின் ஆங்கிலச் சிப்பாய் ஒருவன். தலைவர் எவர், நியாயம் எந்தப் பக்கம் என்று அவர்களுக்குத் தெரியாது. தாம் பிறந்த வரலாறே தம் படையின் கையால் மாற்றப்படலாம் என்பது மட்டும் தெரியும். அந்த ஆங்கிலச் சிப்பாய் எழுந்து இந்தப் போர் போதும் என்று பேசும்போது, அழிந்தவற்றுக்கான துக்கம் முதன்முறையாக வாய்திறக்கிறது. உடன் இருப்போரில் ஒருவனோ அணுகுண்டை முடுக்கிவிடுகிறான்.

அதே ஆண்டில் லைபர் எழுதிய ‘டிரை அண்ட் சேஞ்ச் த பாஸ்ட்’ என்னும் சிறுகதையில், ஒருவன் துப்பாக்கிக் குண்டால் நேர்ந்த தன் மரணத்தைத் தடுக்க முயல்கிறான். குண்டை அகற்றிவிட்டாலும் விண்கல் ஒன்று அதே நெற்றியில் அதே துளையை இடுகிறது. லைபரிடம் இறந்தகாலம் எதிர்த்து நிற்கிறது. புதிய குறுநாவலிலோ அது பெரும்பாலும் கத்தரிக்கு இணங்கும் துணியாக இருக்கிறது. அந்த மடல் வளர்ந்த மரத்தின் வளையங்கள் என் நினைவில் நிற்கின்றன. அதை வெட்டிச் சாய்த்தவர்களில் ஒருவரின் முகமும் நிற்கவில்லை.