செவ்வாயின் இரட்டை நிலாக்கள்: கற்பனை மரபும் அதன் அளவுகோலும்

கதாசிரியர்கள் ஆகாயத்தில் எத்தனையோ சந்திரர்களைச் சிருஷ்டித்திருக்கிறார்கள். ஆயினும் முதலில் ஏட்டில் உதித்து, ஒன்றரை நூற்றாண்டு கழித்துத் தொலைநோக்கியில் தென்பட்ட பெருமை செவ்வாய்க் கிரகத்தின் இரு நிலாக்களைச் சாரும். அவற்றைச் சுற்றி வளர்ந்த கற்பனை மரபின் கிளைகளுள் எது உயர்ந்தது என்று நிச்சயிக்க நான் கொள்ளும் அளவுகோல், அது காட்டும் விந்தையின் பெருமையன்று. தான் ஏற்றுக்கொண்ட நியதியைக் கற்பனை கடைசிவரை காப்பாற்றுகிறதா என்பதே.

மூத்த கிளை எண்களின் ஒழுங்கை நம்பியது. 1610இல் வியாழனுக்கு நான்கு துணைக்கோள்கள் உண்டென்று கலீலியோ வெளியிட்டதும், பூமிக்கு ஒன்றும் வியாழனுக்கு நான்கும் இருக்கையில் இடையிலுள்ள செவ்வாய்க்கு இரண்டு இருத்தலே பொருத்தம் என்று கெப்ளர் கருதினார். அதே ஆண்டில் கலீலியோ சனியைப் பற்றித் தாம் கண்டதை எழுத்துக்களைக் கலைத்துப் புதிராக அனுப்ப, அதையும் செவ்வாயின் நிலாக்களைப் பற்றிய செய்தியாகவே அவர் படித்துக்கொண்டார். வியாழனுக்கு இன்று தொண்ணூறுக்கு மேற்பட்ட நிலாக்கள் கணக்கில் உள்ளன. முடிவு பலித்தது, தர்க்கம் பலிக்கவில்லை.

அவ்வூகத்துக்குக் கதையில் உருவம் கொடுத்தவர் ஜோனதன் ஸ்விஃப்ட். 1726இல் வெளியான ‘கலிவரின் யாத்திரை’யில், லபூட்டா என்னும் பறக்கும் தீவின் பண்டிதர்கள் செவ்வாய்க்கு இரு நிலாக்கள் கண்டதாகச் சொன்னதோடு நில்லாமல், உள்நிலா கிரகத்தின் மையத்திலிருந்து அதன் விட்டத்தைப்போல் மூன்று மடங்கு தூரத்தில் 10 மணியிலும், வெளிநிலா ஐந்து மடங்கு தூரத்தில் 21½ மணியிலும் சுற்றுவதாக அளவும் தந்தார். இந்த எண்களைச் சோதிப்பது ரஸமான காரியம். 21.5ஐ 10ஆல் வகுத்து வர்க்கம் கண்டால் 4.62, 5ஐ 3ஆல் வகுத்துக் கனம் கண்டால் 4.63. சுற்றுக்காலத்தின் வர்க்கமும் தூரத்தின் கனமும் ஒரே விகிதத்தில் நிற்கவேண்டும் என்ற கெப்ளரின் மூன்றாம் விதி அங்கே வழுவாமல் நிற்கிறது. பண்டிதர்களைப் பரிகசிக்கவென்றே எழுதிய பகுதியில், அவர்கள் வாயில் பிழைக்கணக்கை வைக்க மனம் ஒப்பாத அந்த ஆசிரியரிடம் எனக்குள்ள மதிப்பு பெரிது. அவரைத் தீர்க்கதரிசி என்று போற்றுவாரும் உளர். ஆனால் உண்மைத் தூரங்கள் அவர் சொன்னவையல்ல. 1752இல் ‘மைக்ரோமேகா’வில் இரு நிலாக்களைக் குறித்த வால்டேரும் இந்தக் கிளையினரே.

மெய் நிலாக்களை 1877 ஆகஸ்டில் வாஷிங்டன் கடற்படை வானாராய்ச்சி நிலையத்தில் ஆசப் ஹால் கண்டார். தேடலில் அவர் சோர்ந்தபோது தூண்டியவர் கணிதம் வல்ல மனைவி ஏஞ்சலின் ஸ்டிக்னி. உள்நிலாவின் மிகப் பெரிய பள்ளம் இன்று அவர் பெயரைத் தாங்குகிறது. நிலாக்களுக்கோ, ஹோமரின் காவியத்தில் போர்த்தெய்வத்துக்குத் துணைவரும் ஃபோபோஸ், டெய்மோஸ் என்போரின் பெயர்கள் வாய்த்தன. செவ்வாய் தன்னைத் தானே சுற்ற 24 மணி 37 நிமிஷம் ஆக, ஃபோபோஸ் அதை 7 மணி 39 நிமிஷத்தில் வலம்வந்து விடுகிறது. ஆதலால் அது மேற்கே உதித்துக் கிழக்கே அஸ்தமிக்கிறது. 30 மணிக்குச் சற்று மிகுந்த காலத்தில் சுற்றும் டெய்மோஸோ, ஒருமுறை உதித்தால் இரண்டு நாளுக்கு மேல் வானத்தை விட்டு அகல்வதில்லை.

இவ்விரு நடைகளிலிருந்து ஒரு புராணத்தையே விளைவித்தவர் எட்கர் ரைஸ் பர்ரோஸ். 1912இல் தொடராக வரத் தொடங்கிய அவருடைய செவ்வாய்க் கதைகளில் உள்நிலா தூரியா, வானத்தின் பித்தேறிய ராணி. வெளிநிலா குளூரோஸ், அவளுடைய குளிர்ந்த மனமுடைய கணவன். ஓடுகின்ற மனைவியும் ஊர்கின்ற கணவனுமாகிய இந்தக் குடும்பக்கதை கணக்கிலிருந்தே முளைத்தது என்பதால் அதை நான் மிகவும் விரும்புகிறேன். ஒளி விஷயத்தில்தான் அவர் நியதியை மீறினார். நம் சந்திரனின் அகலத்தில் மூன்றில் ஒரு பங்கு அளவே தோன்றுவதும், கரியைப்போல் கறுத்ததுமான ஃபோபோஸ், அவர் வருணிக்கும் நிலவொளியைப் பொழிய இயலாது.

விஞ்ஞானிகளும் இம்மரபுக்குப் பங்களித்தார்கள். ஃபோபோஸ் சிறிது சிறிதாகக் கிரகத்தை நெருங்குவதைக் கண்ட சோவியத் அறிஞர் ஷ்க்ளோவ்ஸ்கி, அது உள்ளீடற்ற செயற்கைக் கோளாக இருக்கலாமோ என்று 1950களின் இறுதியில் வினவினார். செவ்வாயின் உடலில் எழும் அலையீர்ப்பே காரணம் என்பது பின்னர்த் தெளிந்தது. 1971இல் சென்ற மாரினர் 9 எடுத்த படங்கள் பள்ளம் விழுந்த பாறைத் திரளையே காட்டின. ஆயினும் அளந்து பார்த்துத் தள்ளத்தக்க வகையில் சொல்லப்பட்ட அந்த ஊகத்தை ஸ்விஃப்டின் பக்கத்திலேயே வைக்கத் தோன்றுகிறது.

இனி எழுதப் புகுவோருக்கு எஞ்சிய வளம் ஏராளம். தரைக்கு ஏறத்தாழ 6,000 கிலோமீட்டர் உயரத்திலேயே ஓடுவதால், 70 பாகை அட்சரேகைக்கு அப்பால் ஃபோபோஸ் ஒருபோதும் தென்படாது. 82 பாகையை அடுத்து டெய்மோஸும் மறைந்துவிடும். ஆகவே இரு நிலாவுடையார், ஒரு நிலாவுடையார், நிலாவே காணாதார் என மூவகை மக்களை ஒரே கிரகத்தில் குடியேற்றலாம். தூரியாவின் கதையைத் துருவத்தார் எந்த யாத்திரிகனிடம் கேட்டனர், கேட்டு நம்பினரா என்பதை அந்த ஆசிரியர் தீர்மானித்தாக வேண்டும்.