எஸ்.ஏ. நடராஜன்: பாடல் நின்றது, பெயர் மறைந்தது

எஸ்.ஏ. நடராஜன் தமிழ்த் திரைப்பட நடிகர், இயக்குநர். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்த மந்திரி குமாரி (1950) படத்தில் பார்த்திபனாக நடித்தவர். அப்படத்தில் திருச்சி லோகநாதனும் ஜிக்கியும் பாடிய 'வாராய் நீ வாராய்' பாடலை அறியாத தமிழ் ரசிகர்கள் குறைவு. திரையில் அதற்கு வாயசைத்த நடராஜனின் பெயரை அறிந்தவர்களும் குறைவே.

கதாபாத்திரம்

குண்டலகேசி காப்பியத்தின் பத்திரை, காளன் கதையைத் தழுவி மு. கருணாநிதி எழுதிய படம் இது. எல்லிஸ் ஆர். டங்கனும் டி.ஆர். சுந்தரமும் இயக்கினர். ராஜகுருவின் (எம்.என். நம்பியார்) மகன் பார்த்திபன். தளபதிப் பதவி வீரமோகனுக்கு (எம்.ஜி.ஆர்.) கிடைத்துவிட, இவன் கொள்ளையர் தலைவனாகிறான். மந்திரியின் மகள் அமுதவல்லி (மாதுரி தேவி) அவனைத் தண்டனையிலிருந்து காப்பாற்றி மணக்கிறாள். பின்னர் அவளையே கொல்ல மலையுச்சிக்கு அழைத்துச் செல்கிறான். கணவனை வலம்வர அனுமதி கேட்கும் அவள், பின்னாலிருந்து அவனைத் தள்ளிவிடுகிறாள்.

நடிப்பு

கொள்ளையடிப்பதைக் கலை என்று வாதிடுபவன் பார்த்திபன். அந்த வாதம் கேட்பதற்கு இனிமையாக இருந்தாக வேண்டும். இல்லையெனில் அமுதவல்லி ஏமாந்ததை யாரும் நம்பமாட்டார்கள். நடராஜன் இதை உணர்ந்து நடித்திருக்கிறார். மலைப்பாடலில் ஜி. ராமநாதனின் மெட்டில் மிரட்டல் எதுவும் இல்லை, அது கனிவான அழைப்பு மட்டுமே. முகமும் அந்தக் கனிவைக் காட்ட வேண்டும், அதே நேரம் இது கொலைக்கான பயணம் என்பதும் புரிய வேண்டும். முறைப்பும் உரத்த சிரிப்பும் சேர்த்திருந்தால் காட்சி கெட்டிருக்கும்.

மறதியின் காரணம்

பார்த்திபனை வீழ்த்துவது கதாநாயகன் அல்ல, மனைவி. படத்தின் தலைப்பும் அவளுக்கு உரியது. ஆகவே இந்த வில்லன் சண்டைக்காக உருவானவன் அல்ல, ஒரு பெண்ணின் நம்பிக்கையைப் பெறுவதற்காக உருவானவன். அடுத்த ஆண்டுகளில் எம்.ஜி.ஆர். பெரும் நட்சத்திரமானார். அவரிடம் தோற்கும் வில்லனே ரசிகர்களுக்குப் பழகினான். அந்த இடத்தில் நம்பியார் நிலைபெற்றார். மந்திரி குமாரியில் மகனாக நடித்தவர் பின்தங்க, தந்தையாக நடித்தவர் வில்லன் என்ற சொல்லுக்கே அடையாளமானார்.

மனோகரா (1954) படத்தில் நடராஜன் உக்கிரசேனனாக நடித்தார். சிவாஜி கணேசன், கண்ணாம்பா ஆகியோரின் வசனங்களுக்கும் டி.ஆர். ராஜகுமாரியின் வசந்தசேனைக்கும் நடுவே அவருக்குப் பெரிய இடம் கிடைக்கவில்லை. நல்ல தங்கை (1955) படத்தை இயக்கினார்.

மதிப்பீடு

நடராஜனின் திறமையைக் குறைத்து மதிப்பிட்டதால் மட்டும் அவர் மறக்கப்படவில்லை. அவர் சிறந்து விளங்கிய கதாபாத்திர வகைக்கே தமிழ் சினிமாவில் இடம் சுருங்கியது. நாயகனுக்கு எதிராளியாக மட்டும் வில்லனை அளந்தால் பார்த்திபன் சிறியவனாகத் தெரிவான். அமுதவல்லியின் பக்கம் நின்று பார்த்தால், நம்பவைத்துக் கொல்லத் துணியும் அவனே படத்தின் உண்மையான அச்சம். பாடலைக் காதால் மட்டும் கேட்டவர்கள் அந்தக் காட்சியை ஒருமுறை திரையிலும் பார்க்க வேண்டும்.