டூரிஸ்டும் இல்லை, குடிமகளும் இல்லை

'டூரிஸ்ட் ஃபேமிலி' (2025) படத்தைச் செங்கல்பட்டில்தான் பார்த்தேன். தியேட்டரே கண்ணைத் துடைச்சிக்கிட்டு வெளியே வந்தது. எனக்கும் பிடித்த படம்தான். ஆனால் வீட்டுக்கு வந்ததும் ஒரு பழைய கேள்வி தொல்லை பண்ண ஆரம்பித்தது.

டியூஷன் எடுத்த காலத்தில் என்னிடம் ஒரு பெண் படித்தாள். முகாமில் பிறந்தவள். வீட்டில் 'ஓம்', வகுப்பில் 'ஆமா சார்'. தோழிகளிடம் 'இன்னாடி'. ஒருமுறை பசங்களை மாமல்லபுரம் கூட்டிப்போனேன். கடற்கரைக் கோயில் டிக்கெட் கவுண்டரில் இந்தியருக்கு 40 ரூபாய், வெளிநாட்டவருக்கு 600. "நான் எந்த ரேட்டு சார்?" என்று சிரித்துக்கொண்டே கேட்டாள். சார்க் நாட்டவருக்கும் 40 தான் என்று போர்டில் இருந்தது. "ஆனா அந்த பாஸ்போர்ட்டும் என்கிட்ட இல்லையே" என்றாள்.

படத்தில் சசிகுமார், சிம்ரன் குடும்பம் படகில் வந்து இறங்குகிறது. ஊர்ப் பேச்சை மறைத்து வாழ்கிறது, அக்கம்பக்கத்து அன்பால் பிழைக்கிறது. அதாவது, இங்கே சேர்வதற்கு மனுஷங்க மனசு போதும் என்கிறது படம். முகாம் பிள்ளைகளுக்கு மனுஷங்க பஞ்சமில்லை. இல்லாதது காகிதம்.

'கன்னத்தில் முத்தமிட்டால்' (2002) அமுதாவும் ராமேஸ்வரம் முகாமில் பிறந்தவள்தான். அவளைத் தத்தெடுத்ததும் நாடு என்ற கேள்வி தீர்ந்துபோகிறது, தாய் என்ற கேள்வி மட்டும் மிஞ்சுகிறது. தத்துப்போகாமல் முகாமிலேயே வளர்ந்த பிள்ளைகளின் கதை நம்ம சினிமாவில் அபூர்வம்.

ஜெர்மனியில் துருக்கியக் குடும்பங்களைப் பற்றிய 'அல்மானியா' (2011) படத்தில் ஆறு வயதுப் பையனைப் பள்ளிக் கால்பந்தில் துருக்கிய அணியும் சேர்க்காது, ஜெர்மன் அணியும் சேர்க்காது. நாம யாரு என்று வீட்டில் வந்து கேட்பான். 1961 ஒப்பந்தத்தில் வேலைக்குப் போனவர்களின் பேரன் அவன். அங்கேயும் சட்டம் இறங்கிவர ரொம்ப காலம் ஆச்சு. பெற்றோரில் ஒருவர் சட்டப்படி 8 வருடம் வாழ்ந்திருந்தால் பிறக்கும் பிள்ளை ஜெர்மானியர் என்ற விதி 2000இல்தான் வந்தது.

இங்கே சட்டம் போனது எதிர்த்திசையில். 1987 ஜூன் 30 வரை இந்தியாவில் பிறந்தாலே பொதுவாக இந்தியர். ஜூலை 1 முதல் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்கணும். 2004 டிசம்பர் 3 முதல் இன்னொருவர் சட்டவிரோதமாக வந்தவராகவும் இருக்கக் கூடாது. 1986இல் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்கு பாஸ்போர்ட் கொடுக்கச் சொல்லி 2022இல் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டது. 2024 தேர்தலில் அவர் ஓட்டும் போட்டார். அவருக்கு 1988இல் அதே முகாமில் ஒரு தம்பி பிறந்திருந்தால் அவனுக்கு இது கிடையாது. ஒரே அம்மா, ஒரே கூரை, இரண்டு சட்டம். 2019 குடியுரிமைத் திருத்தத்திலும் இலங்கை இல்லை. 2021இல் தமிழக அரசு 'அகதிகள் முகாம்' என்பதை 'மறுவாழ்வு முகாம்' என்று மாற்றியது, வீடுகளும் அறிவித்தது. நல்ல காரியம்தான். குடியுரிமை கொடுப்பது மட்டும் டெல்லியின் கையில்.

அந்தப் பெண்ணுக்கு இப்போது கல்யாணமாகி ஒரு குழந்தை. படம் பார்த்தாயா என்று போனில் கேட்டேன். "பார்த்தேன் சார், அழுதேன். ஆனா அவங்க படகுல வந்து இறங்கினாங்க. நான் எங்கேயிருந்தும் வரலையே."

அடுத்த படம் அங்கிருந்து ஆரம்பிக்கணும்.